இருபத்தேழாம் துண்டு

ரயில்கள் ஓடாததால்தான் என் அக்கா தொலைக்காட்சிக்கு வாசிக்க நேர்ந்தது.

அந்த நவம்பர் கடைசியில் அரசு ரயில்காரர்கள் அத்தனை பேரும் வேலைநிறுத்தத்தில் இருந்தார்கள். அசகாயா நிலையத்தில் பூனைகள் தண்டவாளத்தின் மேலேயே படுத்து வெயில் காய்ந்தன. தொடரின் இசைப்பதிவுத் தேதியை மாற்ற முடியாது, ஸ்டுடியோ அன்றைக்கு மட்டும்தான் கிடைத்திருந்தது. வாத்தியக்காரர்கள் சிலர் நடந்து வந்தார்கள். செல்லோக்காரர்கள் இருவர் காய்கறி லாரியில் முட்டைக்கோசுகளுக்கு நடுவே உட்கார்ந்து வந்து இறங்கினார்கள். புல்லாங்குழல் வாசிக்கும் நிதோபே மட்டும் வரவில்லை. அவர் வீடு சிபாவில். ரயில் இல்லாத அன்றைக்கு சிபா வேறு நாடு மாதிரி.

"நடந்தே வர்றேன்னு போன்ல சொன்னார். சொல்லும்போதே அழுதுட்டார்" என்றார் டேப் வேலை பார்க்கும் கானேமாரு.

இசையமைப்பாளர் என் அத்தான் தொகுஜி. சினிமாவுக்கும் தொலைக்காட்சிக்கும் எழுதுகிறவர். சூப் பொடி விளம்பரத்தில் தொடங்கி, ஒரு பூதப் படத்தில் பூதத்தின் காலடிக்கு இசை எழுதிப் பெயர் வாங்கி, அதற்குப் பிறகு காலைத் தொடர், மாலைத் தொடர், வாள்சண்டைத் தொடர் என்று கை ஓயாமல் எழுதிக்கொண்டிருந்தார். நான் பள்ளியை நடுவில் விட்டதிலிருந்து அவர் எழுதுவதை ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாகப் படியெடுத்துக் கொடுக்கிறேன். மை காயாத தாள்களோடு பதிவுக்குப் போய் ஒரு மூலையில் உட்கார்ந்திருப்பேன்.

தொடருக்கு இசை எழுதுவது, யார் சாப்பிட வருவார்கள் என்று தெரியாமல் சமைத்து வைத்துவிட்டுப் போவது மாதிரி. படம் எடுக்கத் தொடங்கும் முன்பே எல்லாத் துண்டுகளையும் ஒரே நாளில் பதிவு செய்துவிட வேண்டும். 'ஓடுதல்' ஒன்று, 'பதுங்குதல்' ஒன்று, 'லேசான சோகம்' ஒன்று, 'கனமான சோகம்' இரண்டு. அதற்குப் பிறகு வாராவாரம் எந்தக் காட்சிக்கு எந்தத் துண்டு என்று டேப்பை வெட்டி ஒட்டுவது கானேமாருவின் பாடு. அவர் கழுத்தில் கத்தரிக்கோல் கயிற்றில் தொங்கும். அத்தான் அவரைக் கசாப்புக்காரன் என்பார். அவர் அத்தானை வாத்தியாரே என்பார். வேண்டுமென்றுதான் அப்படி இழுத்துச் சொல்வார்.

இந்தத் தொடரில் ஹன்சாய் என்று ஒரு எலும்பு வைத்தியர். காணாமல் போன மகளைத் தேடி ஊர் ஊராக நடக்கிறார். போகிற ஊரில் எல்லாம் யாருக்காவது தோள் நழுவியிருக்கும், யாராவது அநியாயம் செய்துகொண்டிருப்பார்கள். இரண்டையும் சரிசெய்துவிட்டு நடப்பார். இருபத்தேழாம் துண்டு, கடைசியில் மகள் கிடைக்கும்போது. அது முழுக்கக் குழல்.

"கிளாரினெட்ல வாசிக்கச் சொல்லலாமா?" என்று அத்தான் கேட்டார்.

"வாத்தியாரே, பத்து வருஷமா காணாம போன பொண்ணு. கிளாரினெட்ல கிடைச்சா வேற யாரோ பொண்ணு மாதிரி இருக்கும்."

அத்தான் நகத்தைக் கடித்தார். அப்புறம் போய் வீட்டுக்குப் போன் செய்தார். நான் பக்கத்தில்தான் நின்றேன், அக்கா பேசுவது வெளியே கேட்டது.

"மிசாவோ, சும்மாத்தான் இருக்கியா?"

"சும்மாவா? ரெண்டு பசங்க துணி ஊறுது, முள்ளங்கி பாதி நறுக்கினபடி கிடக்கு, சும்மாவான்னு கேக்கறீங்க!"

"குழலை எடுத்துக்கிட்டு வா."



"எந்தக் குழல்?"

"எத்தனை குழல் வச்சிருக்க நீ?"

அக்கா கல்யாணத்துக்கு முன்பு நாடக அரங்கில் வாசித்துக்கொண்டிருந்தாள். அத்தானை அங்கேதான் பார்த்தாள். மாசருவும் மிட்சுருவும் ஒன்றாகப் பிறந்த பிறகு குழல் துணிப்பெட்டிக்கு அடியில் போயிற்று. யாரும் அதை நிறுத்தச் சொல்லவில்லை. அது தானாக நின்றுபோயிற்று.

சைக்கிளில் வந்து சேர்ந்தாள். மேல்கோட்டுக்குள், சமையலுக்குக் கட்டிய கவசத்துணியைக்கூட அவிழ்க்கவில்லை. மூக்கு சிவந்திருந்தது. யாரையும் பார்க்காமல் குனிந்து வணங்கிவிட்டு, நிதோபேயின் நாற்காலியில் அதன் விளிம்பில் மட்டும் உட்கார்ந்தாள். குழலைக் கோட்டுக்குள் வைத்துச் சூடாக்கிக்கொண்டே நான் படியெடுத்த தாளைப் பார்த்தாள்.

"ஒரு தடவை சும்மா வாசிச்சுப் பாக்கட்டுமா?" என்றாள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கத்தில் கானேமாரு தலையை ஆட்டினார். ஆட்டியபடியே டேப்பை ஓடவிட்டார். பயந்தவர்கள் ஒத்திகையில்தான் நன்றாக வாசிப்பார்கள் என்பது அவர் கண்டுபிடிப்பு.

அக்கா வாசித்தாள். அதைப் பற்றி எப்படி எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை. முடிந்ததும் பிடில்காரர்கள் வில்லால் தாள் பலகையை மெல்லத் தட்டினார்கள். அவர்கள் தினம் மூன்று ஸ்டுடியோ ஏறி இறங்குகிறவர்கள், யாருக்கும் தட்டமாட்டார்கள்.

"இப்ப நிஜமா வாசிக்கட்டுமா?" என்றாள் அக்கா.

"வாசிச்சாச்சு அண்ணி. வீட்டுக்குப் போங்க" என்றார் கானேமாரு.

"நிஜமாவா? பசங்க பள்ளி விட்டிருக்குமே!"

ஓடினாள். நான் ஜன்னல் வழியாகப் பார்த்தேன். ஓடினவள் சைக்கிள் பக்கத்தில் நின்றுவிட்டாள். கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, ஏறாமல், நின்றுகொண்டே இருந்தாள்.

அன்று மாலை மீதி முள்ளங்கியை நறுக்கும்போது என்னிடம் சொன்னாள்: "ஸ்டுடியோல எல்லாமே நல்லாத்தான் கேக்கும். அவ்வளவு பெரிய ஸ்பீக்கர்ல தும்மினாக்கூட நல்லாருக்கும். டி.வி.ல கேக்கணும். நம்ம வீட்டு டி.வி.ல, இந்தப் பசங்க கூச்சலுக்கு நடுவுல. அப்பவும் நல்லாருந்தா திரும்ப வாசிக்கப் போறேன்."

"இல்லைன்னா?"

"இல்லைன்னா குழலை வித்துட்டு ஃப்ரிட்ஜ் வாங்கலாம்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். கத்தி மட்டும் வேகமாக நறுக்கியது.

யாரிடமும் சொல்லாதே என்று என்னிடம் சொல்லிவிட்டு, மறுநாள் மீன்கடையில் அவளே சொல்லிவிட்டாள். மீன்கடை தோமெயிடம் ஒன்றைச் சொன்னால் கடைத்தெரு முழுக்க ஒலிபெருக்கி வைத்தது மாதிரி. ஜனவரியில் தொடர் தொடங்கிய முதல் சனிக்கிழமை, எட்டு மணிக்கு எங்கள் தெருவில் ஹன்சாய் ஓடாத வீடே இல்லை. அக்கா நல்ல ரவிக்கை போட்டுக்கொண்டு உட்கார்ந்தாள்.

"கேக்கறதுக்கு எதுக்கு நல்ல சட்டை?" என்றான் மாசரு.

"டி.வி.ல அம்மாவைக் காட்டுவாங்களோ என்னமோ" என்றான் மிட்சுரு.

"வாயை மூடிக்கிட்டுச் சாப்பிடுங்க."

இருபத்தேழு வரவில்லை. அடுத்த வாரமும் வரவில்லை. ஒவ்வொரு சனிக்கிழமையும் ஒன்பது மணிக்குத் தோமெ வாசலில் வந்து நிற்பார்.

"வாத்தியாரம்மா, அந்தக் குதிரை ஓடும்போது ஒண்ணு வந்துச்சே, அதுவா?"

"அது ட்ரம்பெட்."

"நினைச்சேன். உங்களுக்கு அவ்வளவு மூச்சு வராதுன்னு."

அத்தான் கானேமாருவைக் கேட்டார். கானேமாரு கோபப்பட்டார். "வாத்தியாரே, அதைக் கண்ட இடத்துல போடச் சொல்றீங்களா? கடைசி வாரம் பொண்ணு கிடைக்கும். அப்பத்தான். ஒரு இடத்துல வெட்டாம, ஒரு வசனம் மேல ஏறாம, முழுசாப் போடறேன். சத்தியம்."

ஆறு மாதத் தொடர், ஆகவே ஜூன் மாதக் கடைசி என்று எல்லோரும் எண்ணிக்கொண்டோம். அந்த வாரம், நல்ல நாளில் செய்வது போல, பயறு போட்டுச் சிவப்புச் சோறு செய்து தெருவுக்கே கொடுப்பது என்று அக்கா முடிவு செய்தாள். காத்திருக்க ஒரு தேதி கிடைத்ததும் அவள் முகமே தெளிந்துவிட்டது. துணிப்பெட்டிக்கு அடியில் இருந்த குழல் அலமாரியின் மேல்தட்டுக்கு ஏறியது. எடுக்கவில்லை. கைக்கு எட்டுகிற இடத்தில் இருந்தது, அவ்வளவுதான்.

இதில் அத்தான் எதிர்பார்க்காதது ஒன்று நடந்தது. தொடர் பிடித்துப்போயிற்று. மே மாதத்தில் நாட்டில் பாதிப் பேர் அதைப் பார்த்தார்கள். தயாரிப்பாளர் ஓகுமா அத்தானைத் தோளில் தட்டி, வருஷக் கடைசி வரை நீட்டியாயிற்று என்றார். அத்தான் வீட்டுக்கு வந்து செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசல்படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"நல்ல சேதிதானே?" என்றாள் அக்கா.

"ரொம்ப நல்ல சேதி."

"அப்ப ஏன் செத்த மீன் மாதிரி முழிக்கறீங்க?"

"பொண்ணு ஜூன்ல கிடைக்கமாட்டா, மிசாவோ. கிடைச்சா தொடர் முடிஞ்சுடும்."

 "பயறை இப்பவே வாங்கலையே, நல்லதாப் போச்சு" என்று அக்கா எழுந்து போனாள். ஜூன் கடைசிச் சனிக்கிழமை ஹன்சாய் ஒரு படகில் ஏறினார், அவர் மகள் எதிர்ப் படகில் போனாள், இருவரும் ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை. தெருவில் எல்லோரும் அழுதார்கள். அதற்குக் கானேமாரு 'கனமான சோகம்' இரண்டாவதைப் போட்டார்.

ஜூலையில் அக்கா நல்ல ரவிக்கை போடுவதை நிறுத்தினாள். சனிக்கிழமை எட்டு மணிக்குப் பாத்திரம் கழுவ எழுந்தாள். அவள் எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அத்தான் தாங்கியிருப்பார். அவள் முதுகைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதுதான் அவரால் முடியவில்லை.

நீட்டிய தொடருக்குப் புதிதாகச் சில துண்டுகள் வேண்டும் என்று கானேமாரு கேட்டார். முக்கியமாக ஹன்சாய் நடப்பதற்கு ஒன்று. அத்தான் இரண்டு நாள் அறையை விட்டு வெளியே வரவில்லை. வந்து தாளை என்னிடம் கொடுத்தபோது கண்கள் பளபளத்தன.

நான் படியெடுக்கத் தொடங்கினேன். ட்யூபா என்கிற பெரிய பித்தளை ஊதுவாத்தியம் தனியாக மெட்டு வாசிக்கிறது. மரக்கட்டை ஒன்று தாளத்துக்குக் கொஞ்சம் பிந்தி விழுகிறது. பிடில்கள் ஒரே சுரத்தைத் திரும்பத் திரும்பக் குத்துகின்றன. மாடு ஒன்று மாடிப்படி இறங்குவது மாதிரி இருந்தது.

"அத்தான், இதுல ஏதோ தப்பு இருக்கு" என்றேன்.

"எந்த இடத்துல?"

"எல்லா இடத்துலயும்."

"சரியாத்தான் இருக்கு. அப்படியே எழுது." குரலைத் தாழ்த்தினார். "ஊர்ல இருக்கிற அத்தனை பேரும் இதைக் கேட்டுட்டு டி.வி.யை அணைக்கணும். ரெண்டு மாசம் போதும். தொடரை முடிச்சுடுவாங்க. பொண்ணு கிடைச்சுடுவா."

"அக்காவுக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா கொன்னுடுவா."

பதிவு நாளில் ட்யூபாக்காரர் வாசித்து முடித்துவிட்டு, "மன்னிச்சுக்கோங்க, இன்னொரு தடவை வாசிக்கறேன், என்னமோ தப்பாப் போச்சு" என்றார். "இல்லை, அற்புதம்" என்றார் அத்தான்.

ஆகஸ்ட் முதல் சனிக்கிழமை அந்த நடை இசை வந்தது. மாசருவும் மிட்சுருவும் சோற்றுக் கிண்ணத்தைக் கீழே வைத்தார்கள். ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். எழுந்து ஒருவன் பின்னால் ஒருவன் நின்று, வயிற்றைத் தள்ளிக்கொண்டு, பூம்... பக், பூம்... பக் என்று அறையைச் சுற்றி நடந்தார்கள். திங்கட்கிழமை பள்ளி மைதானத்தில் உடற்பயிற்சிக்கு வந்த பிள்ளைகள் அத்தனை பேரும் அப்படித்தான் நடந்தார்கள். ஒரு வாரத்தில் தபால்காரர் அதை முணுமுணுத்தபடி சைக்கிள் மிதித்தார். தோமெ அந்தத் தாளத்துக்கு மீன் வெட்டக் கற்றுக்கொண்டார். மரக்கட்டை பிந்தி விழுகிற இடத்தில் தலை துண்டாகும்.

"வாத்தியாரே, உங்களுக்குள்ள இப்படி ஒரு மனுஷன் இருக்கார்னு தெரியாமப் போச்சே!" என்று தெருக் கோடியிலிருந்தே கத்துவார்.

அத்தான் வேறு தெரு வழியாக நடக்கத் தொடங்கினார். கானேமாரு ஒரு வாரத்துக்கு மூன்று இடத்தில் அதைப் போட்டார். பார்ப்பவர்கள் இன்னும் கூடினார்கள். தொடர் அடுத்த வருஷமும் உண்டு என்று செப்டம்பரில் செய்தித்தாளிலேயே வந்துவிட்டது.

அந்த ஞாயிற்றுக்கிழமை கானேமாரு ஒரு பெட்டி பேரிக்காயோடு வீட்டுக்கு வந்தார். ஓகுமா கொடுத்தனுப்பியது. வாசலில் நுழையும்போதே வாயில் பூம்... பக். பிள்ளைகள் இருவரும் அவர் பின்னால் ஊர்வலமாக வந்தார்கள். அக்கா பேரிக்காயை எடுத்துத் தோல் சீவ உட்கார்ந்தாள். அவள் சீவினால் தோல் அறுபடாமல் ஒரே நாடாவாகக் கீழே இறங்கும்.

"அந்தப் பாட்டை நிறுத்துய்யா" என்றார் அத்தான்.

"ஏன் வாத்தியாரே? நீங்க எழுதினதுலயே இதுதான்—"

"சொல்லாதே."

"எழுதினதுலயே இதுதான் சிறந்ததுன்னு ஓகுமா சொல்றார். ரெக்கார்டு போடறாங்களாம். ஒரு பக்கம் ட்யூபா, மறுபக்கம் குழந்தைங்க கோரஸ்."

"அது கேவலமான இசைய்யா!" அத்தான் எழுந்து நின்றுவிட்டார். "கேவலமா இருக்கணும்னு உக்காந்து எழுதினது! ரெண்டு நாள்! நல்லா எழுதறதைவிடக் கஷ்டம் அது!"

பேரிக்காயைக் கடிக்கப் போன கானேமாரு அப்படியே நின்றார். பிள்ளைகளின் ஊர்வலம் நின்றது. அக்கா மட்டும் தோல் சீவிக்கொண்டே இருந்தாள்.

"எனக்குத் தெரியும்" என்றாள்.

"என்ன தெரியும்?"

"மொதல் தடவை கேட்டப்பவே தெரியும். நீங்க தெரியாம பண்ற தப்பு எதுன்னும் தெரியும், வேணும்னு பண்ற தப்பு எதுன்னும் தெரியும். ஏன்னுதான் புரியலை. ஓகுமா மேல கோவமோன்னு நினைச்சேன்."

அத்தான் திரும்ப உட்கார்ந்தார். குற்றவாளி மாதிரி முழங்கால் மடக்கி உட்கார்ந்தார். "தொடர் முடியட்டும்னு. முடிஞ்சாத்தானே பொண்ணு கிடைக்கும். பொண்ணு கிடைச்சாத்தானே இருபத்தேழைப் போடுவான் இந்தக் கசாப்புக்காரன்."

அக்காவின் கத்தி நின்றது.

"எனக்காகவா?"

"வேற யாருக்கு?"

"அந்தத் தொடர்ல எத்தனை பேர் சாப்பிடறாங்க தெரியுமா? குதிரைக்காரங்க, தலைமயிர் கட்டறவங்க, செத்த பொணமா நடிக்கறவங்க. என் ஒரு துண்டு வரணும்னு அத்தனை பேர் அடுப்பையும் அணைக்கப் பாத்தீங்களா?"

"அணையலையே" என்றார் அத்தான் மெல்ல. "முன்னைவிட நல்லா எரியுது."

முதலில் சிரித்தது கானேமாரு. வாயில் பேரிக்காயோடு சிரித்ததால் புரையேறிவிட்டது. மாசரு அவர் முதுகில் குத்தினான், மிட்சுரு அதற்குத் தாளம் போட்டான். அக்கா கோபமாகத்தான் இருக்கப் பார்த்தாள். உதட்டைக் கடித்தாள். முடியவில்லை, அவளும் சிரித்துவிட்டாள். கண்ணில் தண்ணீர் வரும் வரை சிரித்தாள். அது சிரிப்புத் தண்ணீர்தானா என்று எனக்குச் சந்தேகம்.

கானேமாரு மூச்சு வாங்கி நிமிர்ந்தார். "அண்ணி, ஒண்ணு சொல்றேன். வாராவாரம் வேலை தொடங்கறதுக்கு முன்னாடி அந்த டேப்பை எடுத்து ஒரு தடவை கேப்பேன். கேட்டுட்டுச் சுத்தித் திரும்ப வச்சுடுவேன். வேற எதுக்கும் அதைப் போட எனக்குக் கை வரலை."

"நீங்க பெரிய ஸ்பீக்கர்ல கேக்கறீங்க."

"பெரிய ஸ்பீக்கர்லதான்."

"அதான்." அக்கா கத்தியைக் கீழே வைத்தாள். "வர்ற சனிக்கிழமை என்ன காட்சி இருக்கு?"

"ஒண்ணும் பெருசா இல்லை. சண்டை ஒண்ணு. சுமைக்காரன் ஒருத்தனுக்குத் தோள் நழுவிடுது. அப்புறம் மழைக்கு ஒரு கோயில் கூரைக்குக் கீழே ஒதுங்கி ஹன்சாய் பழைய சோறு சாப்பிடறார். மஞ்சள் முள்ளங்கி ஊறுகாயோட."

"சாப்பிடறாரே, அதுக்குப் போடுங்க."

"அண்ணி! பொண்ணு கிடைக்கற இசை அது! ஊறுகாய்க்கா?"

"அவர் எதுக்குச் சாப்பிடறார்? நாளைக்கும் எழுந்து தேடணும்னுதானே?"

 கானேமாரு கழுத்துக் கத்தரிக்கோலைப் பிடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தார். அவர் தலைக்குள் படம் ஓடுவது எங்களுக்கே தெரிந்தது.

"வசனம் ரெண்டு வரி இருக்கு. 'மழை விடாது போலிருக்கே', அப்புறம் ஒரு பெருமூச்சு. டைரக்டர் கால்ல விழுந்தா அதை வெட்டிடுவார்..." என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். சட்டென்று திரும்பினார். "சரி, இங்க போட்டுட்டேன்னு வைங்க. நிஜமாவே பொண்ணு கிடைக்கறப்ப என்ன போடறது? இதைவிட நல்லது எங்கிட்ட இல்லையே!"

"அப்ப இவரை வேற எழுதச் சொல்லுங்க. நான் வந்து வாசிக்கறேன்."

சொல்லிவிட்டு அக்காவே திடுக்கிட்டாள். டி.வி.யில் கேட்டுவிட்டுத்தான் முடிவு என்று சொன்னவள் அவள். இன்னும் கேட்கவில்லை. யாரும் அதை அவளுக்கு நினைவூட்டவில்லை. அத்தான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார், காது மட்டும் சிவந்திருந்தது.

சனிக்கிழமை வந்தது. அக்கா நல்ல ரவிக்கையை எடுத்து, தடவிப் பார்த்து, திரும்ப மடித்து வைத்துவிட்டுக் கவசத்துணியோடேயே உட்கார்ந்தாள். வெளியே நிஜமாகவே மழை. தகரக் கூரை தடதடத்தது. பிள்ளைகள் குளிக்க யார் முதலில் போவது என்று அடித்துக்கொண்டிருந்தார்கள். சண்டை முடிந்தது, சுமைக்காரனின் தோள் 'டக்' என்று உட்கார்ந்தது, ஹன்சாய் கோயில் கூரைக்குக் கீழே எங்களுக்கு முதுகு காட்டி உட்கார்ந்து பொட்டலத்தைப் பிரித்தார்.

குழல் தொடங்கியது.

அதே நேரத்தில் முன்கதவு திறந்தது. "வாத்தியாரம்மா! இதுவா? இதுதானா?" என்று குடையோடு தோமெ.

"உஷ்!" என்றார் அத்தான்.

"அம்மா, அவன் என் துண்டை எடுத்துட்டான்!"

"உஷ்!"

"உஷ்னு சொல்றதுதான் சத்தமா இருக்கு" என்றான் மிட்சுரு.

தெருவில் வேறு வீடுகளிலிருந்தும் குரல்கள் வந்தன. இதுதானா, இதுதான், இருக்கும், இல்லை, குழல் மாதிரித்தான் இருக்கு. மழையும், தோமெயின் மூச்சும், பிள்ளைகள் இழுத்துக்கொண்ட துண்டும். அதற்கெல்லாம் நடுவில் என் அக்கா வாசித்துக்கொண்டிருந்தாள். அந்தச் சின்னப் பெட்டியிலிருந்து மெல்லிசாகத்தான் வந்தது. ஆனாலும் வந்தது. மிட்சுரு துண்டை விட்டுவிட்டுத் திரும்பிப் பார்த்தான். தோமெ குடையைச் சுருக்கினார். ஹன்சாய் ஊறுகாயைக் கடித்தார், 'கறுக்'. மறுபடி குழல். மறுபடி 'கறுக்'.

அக்கா முன்னால் சாய்ந்தாள்.

"அந்த மனுஷன்..." என்றாள்.

 முடிந்ததும் அத்தான் அவள் பக்கம் திரும்பினார். "எப்படி இருந்துச்சு?" என்று கேட்டார். பூதத்தின் காலடி எழுதிய மனிதருக்குக் குரல் எலிக்குஞ்சு மாதிரி வந்தது.

"என் மூச்சுல கடிக்கவிட்டிருக்கார்."

"என்னது?"

"நான் எங்கெல்லாம் மூச்சு எடுக்கறேனோ அங்கெல்லாம் அந்தக் கிழவர் ஊறுகாய் கடிக்கறார். ஒரு இடம்கூடத் தப்பலை. அவர் முதுகுதானே தெரியுது, கடிக்கற சத்தத்தை எங்க வேணும்னாலும் வைக்கலாம். உக்காந்து ஒண்ணொண்ணா வச்சிருக்கார் உங்க கசாப்புக்காரர்." அவள் முகம் முழுக்கச் சிவந்திருந்தது. "மூணாவது மூச்சுக்கு முன்னாடி சுருதி கொஞ்சம் இறங்கியிருக்கு. குளிர்ல சைக்கிள்ல வந்தது."

"யாருக்கும் தெரியலை" என்றார் அத்தான்.

"எனக்குத் தெரிஞ்சுது. இனிமே சீக்கிரம் போய்ச் சூடு பண்ணிக்கணும்."

இனிமே என்றாள். அத்தான் அந்தச் சொல்லை என்னைப் பார்த்து உதட்டால் மட்டும் திரும்பச் சொன்னார்.

"நான் அழலை" என்றார் தோமெ, யாரும் கேட்காமலே. "மழைத் தண்ணி." பிறகு வாசலில் நின்று தெருவைப் பார்த்துக் கத்தினார்: "இதுதானாம்! இதுதானாம்!"

ஞாயிற்றுக்கிழமை காலையிலிருந்து மெத்தைகள் மடித்து வைக்கும் எங்கள் வீட்டு அலமாரிக்குள்ளிருந்து நீளநீளமான சுரங்கள் வரத் தொடங்கின. பக்கத்து வீட்டுக்குத் தொந்தரவு கூடாதென்று அக்கா மெத்தைகளுக்கு நடுவே உட்கார்ந்து கதவைச் சாத்திக்கொண்டு வாசித்தாள். வெளியே அத்தான் வெற்றுத்தாளை வைத்துக்கொண்டு தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். இருபத்தேழைவிட நல்லதாக ஒன்று எழுத வேண்டுமே. "உங்க அக்கா என்னை மாட்டிவிட்டுட்டா" என்று என்னிடம் புலம்பினார். இவ்வளவு சந்தோஷமாக அவர் புலம்பி நான் கேட்டதில்லை.

நவம்பரில் அடுத்த பதிவு. ரயில் ஓடியது. அக்கா ஒரு மணி நேரம் முன்னதாகவே போய்விட்டாள். நிதோபே எழுந்து தன் நாற்காலியைக் காட்டினார், அவள் இல்லை இல்லை என்று இரண்டாவது நாற்காலியில் உட்கார்ந்தாள், அவர் வணங்க, அவள் வணங்க, குழல்கள் இரண்டும் மோதிக்கொண்டன. நான் தாள்களைக் கொண்டுபோய்ப் பலகையில் வைத்தேன். முதலில் ரெக்கார்டுக்கானது. ஓகுமா விரும்பிக் கேட்டபடி ட்யூபாவின் மெட்டுக்கு மேலே இரண்டு குழல்கள்.

அக்கா தாளைப் பார்த்தாள். பூம்... பக்.

"திரும்ப வந்து மொதல் மொதல்ல வாசிக்கறது இதுவா?" என்றாள்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அத்தான் கானேமாருவின் முதுகுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டார். டேப் ஓடத் தொடங்கியது. மரக்கட்டை பிந்தி விழுந்த இடத்தில் அக்கா சிரித்துவிட்டாள். இரண்டாவது தடவை சிரிக்காமல் இருந்தாள், நிதோபே சிரித்துவிட்டார். மூன்றாவது தடவை ட்யூபாக்காரர்.

"எவ்வளவு நேரம் வேணும்னாலும் எடுத்துக்கோங்க, இன்னைக்கு ரயில் இருக்கு" என்றார் கானேமாரு ஒலிபெருக்கியில்.

அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நாற்காலியில் நன்றாகப் பின்னால் தள்ளி உட்கார்ந்து, குழலை உதட்டில் வைத்து, "போகலாம்" என்றாள்.